மசினகுடிக்கு வராத சட்டமன்றம்

வனத்துறை, அதன்பின் சுற்றுலாத் துறை, அதன்பின் அரசு தலைமைக் கொறடா. நீலகிரியின் கா.ராமச்சந்திரன் கடந்துவந்த பாதை, மலையடிவாரக் கிராமம் ஒன்றின் தலைவிதியை நமக்குப் படித்துக் காட்டுகிறது.

2021 ஜனவரி 19. மசினகுடிப் பக்கமிருந்து தெப்பக்காடு யானைகள் முகாமுக்கு ஒரு லாரி போகிறது. லாரியில் நாற்பது வயதை ஒட்டிய ஆண் யானை. ஊருக்குள் வந்து போய்ப் பழகிய அந்த யானையை எஸ்.ஐ. என்றுதான் மக்கள் கூப்பிட்டார்கள். முதுகில் ஆறாத புண், கிழிந்து தொங்கிய காது. சிகிச்சைக்குக் கொண்டுபோகும் வழியிலேயே அதன் உயிர் பிரிந்தது. வனத்துறை ஊழியர் ஒருவர் லாரியின் பின்பக்கம் நின்று தும்பிக்கையைத் தடவித் தடவி அழுத காட்சியைத் தமிழ்நாடே கைபேசியில் பார்த்தது.

சில நாளில் இன்னொரு காட்சி வெளிவந்தது. இரவில் ஒரு விடுதியின் வாசலுக்கு வந்த அதே யானை மீது தீப்பற்றிய டயர் வீசப்படுகிறது. அது காதில் சிக்கி எரிய, யானை நெருப்போடு இருட்டுக்குள் ஓடுகிறது. இரண்டு பேர் கைதானார்கள். உரிமம் இல்லாமல் நடந்த அந்த விடுதி மூடி முத்திரையிடப்பட்டது.

எஸ்.ஐ. இறந்த 77-வது நாள் தமிழ்நாட்டில் சட்டமன்றத் தேர்தல். 2021 ஏப்ரல் 6 அன்று மசினகுடியும் வரிசையில் நின்று வாக்களித்தது. ஒரு மாதம் கழித்து, மே 7-ம் தேதி அமைந்த புதிய அமைச்சரவையில் வனத்துறை நீலகிரி மலைக்காரர் ஒருவருக்கே வந்தது. குன்னூர் உறுப்பினர் கா.ராமச்சந்திரன் வனத்துறை அமைச்சரானார்.

அவர் 19 மாதம் வனத்தைப் பார்த்துக்கொண்டார். 2022 டிசம்பர் 14 அன்று இலாகா மாறி, அடுத்த 21 மாதம் சுற்றுலாவைப் பார்த்துக்கொண்டார். மசினகுடியின் வாழ்வும் சாவும் இந்த இரண்டு இலாகாக்களுக்கு நடுவில்தான் கிடக்கின்றன. காட்டைக் காப்பது ஒரு கோப்பு, காட்டைப் பார்க்க வருகிறவரை வரவேற்பது இன்னொரு கோப்பு. மலையைத் தெரிந்த ஒருவரின் மேசைக்கு இரண்டுமே வந்து போயின. இப்படி ஒரு வாய்ப்பு நீலகிரிக்கு எளிதில் அமைவதில்லை. அதனால்தான் அவருடைய அரசியல் வாழ்க்கையை மசினகுடியில் நின்று திரும்பிப் பார்க்க வேண்டியிருக்கிறது.

மழை மறைவில் ஓர் ஊர்

உதகையிலிருந்து கல்லட்டி வழியாக மசினகுடிக்கு இறங்கினால் 36 கொண்டை ஊசி வளைவுகள். முதல் சில வளைவுகளில் ஜன்னலை மூடிக்கொள்ளச் சொல்லும் குளிர், கடைசி வளைவில் ஜன்னலைத் திறக்கச் சொல்லும் வெயிலாகிவிடும். மேலே தேயிலையும் சோலையும் பனியும். கீழே முள்மரமும் காய்ந்த புல்லும் செம்மண்ணும். மழை மறைவுப் பகுதியான சீகூர் பீடபூமி இது. பிரேக் சூடேறிக் கருகும் வாடை இந்தச் சாலையின் அடையாளம். 2018 அக்டோபரில் சுற்றுலா வந்த கார் ஒன்று பள்ளத்தில் விழுந்து உயிர்கள் போன பிறகு, வெளியூர் வண்டிகள் இந்த வழியே இறங்குவதற்குத் தடை வந்தது.

ஊர் வளர்ந்த கதை மின்சாரத்தின் கதை. பைக்காரா நீர்மின் திட்டத்துக்காக 1930-களில் சிங்காரா, அதன்பிறகு 1950-களில் மாயார் என்று மின்நிலையங்கள் எழுந்தபோது வேலைக்கு வந்தவர்கள் இங்கேயே தங்கினார்கள். அதற்கு முன்பே இந்த மண்ணில் இருளர்கள், குறும்பர்கள், மாடு வளர்த்துப் பிழைத்த மக்கள் இருந்தார்கள். பொக்காபுரம், மாவனல்லா, வாழைத்தோட்டம், செம்மநத்தம், சிறியூர், ஆனைகட்டி என்று குடியிருப்புகள் காட்டுக்குள் சிதறிக் கிடக்கின்றன.

சாயங்காலம் மசினகுடி சாலையில் நின்றால் மாடுகள் பட்டிக்குத் திரும்புவதைப் பார்க்கலாம். எலும்பு தெரிகிற நாட்டு மாடுகள். பாலை விட இவற்றின் சாணத்துக்குத்தான் மதிப்பு அதிகம். பட்டியில் சேரும் சாணம் லாரியேறிக் கேரளத் தோட்டங்களுக்கு உரமாகப் போவது பல காலமாக இங்கே நடந்த வியாபாரம். முதுமலைப் புலிகள் காப்பகம் வந்தபின் மேய்ச்சல் சுருங்கியது. மாடு குறைந்த வீட்டில் ஜீப் வந்தது. ஜீப் வந்த இடத்தில் விடுதி வந்தது. மேய்ச்சலை நம்பிய ஊர் ஒரு தலைமுறைக்குள் சுற்றுலாவை நம்பும் ஊராகிவிட்டது.

மசினகுடி எத்தனை முக்கியமான இடத்தில் உட்கார்ந்திருக்கிறது என்பதற்கு வரைபடமே சாட்சி. மேற்குத் தொடர்ச்சி மலையும் கிழக்குத் தொடர்ச்சி மலையும் கைகோக்கும் இடம் இது. முதுமலை, பந்திப்பூர், சத்தியமங்கலம் காடுகளுக்கு நடுவே யானைகள் வலசை போகும் வழி. மலைச்சரிவுக்கும் மாயாறு வெட்டிய பள்ளத்தாக்குக்கும் இடையில் அகலமில்லாத ஒரு மேடை. யானைக்கும் வேறு வழியில்லை, ஊருக்கும் வேறு இடமில்லை. தென்னிந்தியாவில் மிஞ்சியிருக்கும் பாறு கழுகுகளின் முக்கியமான கூடமைப்பிடமும் இந்தப் பள்ளத்தாக்குதான்.

மூன்று தொகுதி, ஆறு தொல்குடிகள்

நீலகிரியில் மூன்று சட்டமன்றத் தொகுதிகள்: 108 உதகமண்டலம், 109 கூடலூர், 110 குன்னூர். கூடலூர் பட்டியல் சாதியினருக்கான தனித் தொகுதி. மற்ற இரண்டும் பொதுத் தொகுதிகள்.

தோடர், கோத்தர், குறும்பர், இருளர், பணியர், காட்டுநாயக்கர் என்று அரசு மிகவும் நலிந்தவையாகப் பட்டியலிட்ட ஆறு தொல்குடிகள் வாழும் மாவட்டம் இது. ஆனாலும் பழங்குடியினருக்கென ஒதுக்கிய தொகுதி ஒன்றுகூட இங்கே இல்லை. 234 தொகுதிகள் உள்ள தமிழ்நாட்டில் பழங்குடித் தொகுதிகள் இரண்டே: ஏற்காடு, சேந்தமங்கலம். அரசியல் சட்டத்தின் ஐந்தாவது அட்டவணைப் பகுதிகளும் தமிழ்நாட்டில் கிடையாது. அட்டவணைப் பகுதியாக இருந்தால் கிராம சபைக்குக் கிடைத்திருக்கும் கூடுதல் அதிகாரங்கள் மசினகுடிக்கு இல்லை. எனவே இங்கே வாழும் மக்களின் குரல் கோட்டைக்குப் போக சட்டமன்ற உறுப்பினரை விட்டால் நாதியில்லை.

இந்தப் பின்னணியில்தான் ராமச்சந்திரனின் பயணத்தைப் பார்க்க வேண்டும். 2006 தேர்தலில் தி.மு.க. வேட்பாளராகக் கூடலூரில் வென்று அவைக்குள் போனார். அந்த ஆட்சியில் கதர்த் துறை அமைச்சராகவும் இருந்தார். தொகுதி மறுசீரமைப்பில் கூடலூர் தனித் தொகுதியாகிவிட, 2011-ல் குன்னூருக்கு மாறினார். அந்தத் தேர்தலில் மாநிலம் முழுக்க அ.தி.மு.க. அலை. தி.மு.க. பிடித்தது 23 இடங்கள் மட்டுமே. அந்த 23-ல் இரண்டு நீலகிரியில் கிடைத்தவை: குன்னூரில் ராமச்சந்திரன், கூடலூரில் மு.திராவிடமணி. 2016-ல் குன்னூர் கைமாறியது. 2021-ல் மீண்டும் ராமச்சந்திரனிடம் வந்தது. அதே தேர்தலில் உதகமண்டலத்தில் காங்கிரஸின் ஆர்.கணேஷும், கூடலூரில் அ.தி.மு.க.வின் பொன்.ஜெயசீலனும் வென்றார்கள்.

ஆக, தேயிலை, வனம், நிலம் மூன்றும் பின்னிக் கிடக்கும் கூடலூருக்காகவும் தேயிலை ஆலைகள் நிறைந்த குன்னூருக்காகவும் இருவேறு காலங்களில் அவையில் பேசியவர் அவர். வனத்துறை கைக்கு வந்தபோது மலையின் பிரச்சினைகளை ஒருவர் உட்கார வைத்துச் சொல்லித்தர வேண்டிய நிலையில் அவர் இருக்கவில்லை.

முதல் பாடம்: முடியாத 1969

மசினகுடிக்கு அடுத்த வீடு கூடலூர். அங்கேயிருந்து தொடங்குவதே முறை. ஏனென்றால் இந்த மலையின் நிலத்தைப் பற்றித் தமிழ்நாடு சட்டமன்றம் தானாக முன்வந்து எடுத்த மிகப் பெரிய முடிவு அங்கேதான் நடந்தது.

கூடலூர், பந்தலூர்ப் பகுதியில் சுமார் 80,000 ஏக்கர் நிலம் நிலம்பூர் கோவிலகத்தின் ஜன்ம நிலமாக, அதாவது பரம்பரை உடைமையாக இருந்தது. அதை ஒழித்து ரயத்துவாரி முறைக்குக் கொண்டுவர 1969-ல் 24-வது சட்டமாகக் கூடலூர் ஜன்ம எஸ்டேட் ஒழிப்புச் சட்டத்தை அவை நிறைவேற்றியது. உழுதவருக்குப் பட்டா தரும் நல்ல நோக்கம். தோட்டக் கம்பெனிகள் நீதிமன்றம் போயின. 1972-ல் உச்ச நீதிமன்றம் சட்டத்தை ஏற்றுக்கொண்டாலும், வன நிலம் தொடர்பான பகுதியைச் செல்லாது என்றது. 1974-ல் நாடாளுமன்றம் அந்தச் சட்டத்தை அரசியல் சட்டத்தின் ஒன்பதாவது அட்டவணையில் சேர்த்துக் கவசம் போட்டது. அந்தக் கவசம் செல்லுமா என்ற கேள்வி ஒன்பது நீதிபதிகள் அமர்வு வரை போய், 2007 ஜனவரி 11 அன்று தீர்ப்பானது. 1973 ஏப்ரல் 24-க்குப் பிறகு ஒன்பதாவது அட்டவணையில் சேர்ந்த எந்தச் சட்டத்தையும் அரசியல் சட்டத்தின் அடிப்படைக் கட்டமைப்பு என்ற உரைகல்லில் உரசிப் பார்க்கலாம் என்பது அந்தத் தீர்ப்பு. இந்தியா முழுவதும் சட்டக் கல்லூரிகளில் படிக்கும் கொயலோ வழக்கு இதுதான். அதன் வேர் நம் கூடலூர் மண்ணில் இருக்கிறது.

நாட்டுக்கே சட்டம் சொன்ன அந்த வழக்கால் கூடலூர்க் குடியானவரின் வீட்டில் விளக்கு எரியவில்லை. தோட்டங்களுக்குக் குத்தகை விடப்பட்ட நிலங்கள் சட்டத்தின் 17-வது பிரிவில் வருகின்றன. அந்தக் குத்தகை என்னாகும் என்பது முடிவாகாததால், அந்த நிலங்களில் பல பத்தாண்டுகளாகக் குடியிருக்கும் குடும்பங்களுக்குப் பட்டா இல்லை. பட்டா இல்லையென்றால் மின் இணைப்பு இல்லை, வங்கிக் கடன் இல்லை. 'செக்சன் 17 நிலம்' என்று சொன்னால் அங்கே சின்னப் பிள்ளைக்கும் தெரியும். ஒவ்வொரு தேர்தலிலும் எல்லாக் கட்சி வேட்பாளரும் இதைப் பேசுகிறார்கள். ராமச்சந்திரன் கூடலூரில் வென்றது, அந்தத் தீர்ப்புக்கு முந்தைய ஆண்டு. அவருக்கு முன்னும் பின்னும் வந்த எந்த உறுப்பினராலும் 1969-ல் தொடங்கிய வேலையை முடித்துவைக்க முடியவில்லை.

சட்டம் இயற்றுவது ஒரு நாள் வேலை. அதைக் கடைசிக் குடிசை வரை கொண்டுசேர்ப்பது ஐம்பது வருட வேலை. அந்த இரண்டாவது வேலையைச் சட்டமன்றம் கைவிட்ட இடங்களில் வேறொருவர் வந்து உட்காருகிறார்.

இரண்டாம் பாடம்: வழித்தடத்தை வரைந்தது யார்?

மசினகுடியில் அந்த வேறொருவர் நீதிமன்றம்.

யானை ராஜேந்திரன் என்று அறியப்பட்ட வழக்கறிஞர் உட்படச் சிலர் தொடுத்த பொதுநல வழக்குகளின் தொடர்ச்சியாக, 2010 ஆகஸ்ட் 31 அன்று சீகூர் யானை வழித்தடத்துக்கான அரசாணை வந்தது. நீளம் 22.64 கிலோமீட்டர், அகலம் ஒன்றரை கிலோமீட்டர். ராமச்சந்திரன் கூடலூரின் உறுப்பினராக இருந்த காலம் அது. விடுதி உரிமையாளர்களும் நிலம் வைத்திருந்தவர்களும் எதிர்த்து வழக்குப் போட்டார்கள். 2011 ஏப்ரல் 7 அன்று சென்னை உயர் நீதிமன்றம் அரசாணையை உறுதி செய்தது. ஏப்ரல் 13 சட்டமன்றத் தேர்தல். தேர்தலுக்கு ஆறு நாள் முன்பு ஓர் ஊரின் எதிர்காலத்தைப் புரட்டிப்போடும் தீர்ப்பு வருகிறது. அதை எழுதியவர்கள் யாரும் அந்த ஊரில் ஓட்டுக் கேட்கப் போகிறவர்கள் இல்லை.

வழக்கு டெல்லிக்குப் போனது. 2018 ஆகஸ்டில், உரிய அனுமதி இல்லாத 11 விடுதிகளை 48 மணி நேரத்தில் மூடச் சொன்னது உச்ச நீதிமன்றம். 2020 அக்டோபர் 14 அன்று தலைமை நீதிபதி பாப்டே தலைமையிலான அமர்வு வழித்தடத்தை உறுதி செய்து, தனித்தனி ஆட்சேபங்களைக் கேட்க ஓய்வுபெற்ற நீதிபதி கே.வெங்கட்ராமன் தலைமையில் குழு அமைத்தது.

யானைக்கு வழி விட வேண்டும் என்பதில் இந்தக் கட்டுரைக்கு இரண்டாவது கருத்து இல்லை. எஸ்.ஐ. பட்ட பாட்டைப் பார்த்த பிறகு யாருக்கும் இருக்க முடியாது. என் வருத்தம் வேறு. மலை இறங்கிவந்து பத்து ஏக்கர் வளைத்து மின்வேலி போட்டு நீச்சல் குளம் கட்டிய பெரும் விடுதியும், சொந்த வீட்டின் பின்னால் இரண்டு அறை போட்டு வாடகைக்கு விட்ட மசினகுடிக்காரரும், தலைமுறைகளாக அங்கேயே இருக்கும் இருளர் குடியிருப்பும் ஒன்றில்லை. அந்த வேறுபாட்டைப் பிரித்துப் பார்ப்பது அரசியலின் வேலை. கட்டுமானம் முளைக்கும்போதே தடுத்திருக்க வேண்டியதும் அரசியலின் வேலை. நீலகிரியில் கட்டடம் கட்ட அனுமதி வாங்க வேண்டும் என்று மலைப்பகுதிப் பாதுகாப்புக் குழும விதிகள் 1990-லிருந்தே இருக்கின்றன. விதி இருந்தும் விடுதிகள் முளைத்தன. முளைத்தபோது அவையில் கேட்டிருந்தால், நீதிமன்றம் மூடச் சொல்லும் நிலை வந்திருக்காது.

இன்னொன்றையும் சேர்த்துச் சொல்ல வேண்டும். சிங்காராவில் நியூட்ரினோ ஆய்வகம் அமைக்கும் திட்டம் 2009-ல் கைவிடப்பட்டு தேனிக்குப் போனது. முடிவெடுத்தது டெல்லியின் சுற்றுச்சூழல் அமைச்சகம். 2012 ஜூலையில் புலிகள் காப்பகங்களின் மையப் பகுதிக்குள் சுற்றுலாவுக்குத் தடை. அக்டோபரில் கட்டுப்பாடுகளோடு தளர்வு. இரண்டும் உச்ச நீதிமன்றம். 2024 மே 7 முதல் மலைக்கு வரும் வண்டிகளுக்கு இ-பாஸ்; அது சென்னை உயர் நீதிமன்றம். 2025 கோடை சீசனில் வார நாளுக்கு 6,000 வண்டி, வார இறுதிக்கு 8,000 வண்டி என்ற வரம்பு. அதுவும் உயர் நீதிமன்றமே.

மசினகுடியை அசைத்த முடிவுகளை வரிசையாக எழுதிப் பாருங்கள். அநேகமாக ஒன்றுகூடச் சட்டமன்ற விவாதத்தில் பிறக்கவில்லை.

வனத்துறை மேசையில் 19 மாதம்

ராமச்சந்திரன் வனத்துறைக்கு வந்தபோது மசினகுடியிலிருந்து ஒரு கோப்பு அவருக்காகக் காத்திருந்தது. வாழைத்தோட்டத்தில் சுற்றிக்கொண்டிருந்த ரிவால்டோ என்ற ஆண் யானை, புதிய அரசு பதவியேற்பதற்கு இரண்டு நாள் முன்புதான் மரக்கூண்டில் அடைக்கப்பட்டிருந்தது. தும்பிக்கை நுனி அறுபட்ட யானை அது. வளர்ப்பு யானையாக்கி முகாமில் வைத்துக்கொள்வதா, காட்டில் விடுவதா என்று வாதம் நடந்தது. 2021 ஆகஸ்ட் 2 அன்று கழுத்தில் ரேடியோ காலர் மாட்டி அடர்காட்டில் விடுவித்தார்கள். ரிவால்டோ நடந்தே தன் பழைய ஊருக்குத் திரும்பி வந்துவிட்டது. வந்த வழியை மறக்காத அந்த யானையின் நடையை விட வழித்தடத்துக்குப் பெரிய சாட்சி வேறு என்ன வேண்டும்?

அடுத்த மாதமே டி23. கூடலூர்த் தேயிலைத் தோட்டத்திலும் மசினகுடியிலும் நான்கு பேரைக் கொன்றதாகச் சொல்லப்பட்ட புலி. மக்கள் சாலையில் உட்கார்ந்து மறியல் செய்தார்கள். சுட்டுக்கொல்லச் சொல்லும் குரல்கள் ஒரு பக்கம், உயிரோடு பிடிக்கச் சொல்லும் வழக்கு மறு பக்கம். உடனே கொல்லக் கூடாது என்றது உயர் நீதிமன்றம். கும்கி யானைகள், மோப்ப நாய்கள், டிரோன்கள், காட்டின் தடம் படிக்கத் தெரிந்த பழங்குடி வாட்சர்கள் என்று 21 நாள் தேடல். 2021 அக்டோபர் 15 அன்று மயக்க ஊசி செலுத்திப் புலியை உயிரோடு பிடித்து மைசூரு மறுவாழ்வு மையத்துக்கு அனுப்பினார்கள். புலியும் பிழைத்தது, ஊரும் மூச்சு விட்டது. அந்த 21 நாளின் பொறுமைக்காக வனத்துறையையும் அதன் அன்றைய அமைச்சரையும் மனதாரப் பாராட்டலாம்.

மாநில அளவிலும் அந்த 19 மாதம் வெறுமையாகப் போகவில்லை. பாக் விரிகுடாவில் கடற்பசுக் காப்பகம், கடவூரில் தேவாங்கு சரணாலயம், அகஸ்தியமலை யானைகள் காப்பகம், காவிரி தெற்கு வனவிலங்கு சரணாலயம் எல்லாம் 2022-ல் வந்தவை. பசுமைத் தமிழ்நாடு இயக்கம் தொடங்கியதும் அந்த ஆண்டே. காட்டுக்குச் செய்ததில் அந்தக் காலம் சோடை போகவில்லை என்பதைச் சொல்லியே ஆக வேண்டும்.

காட்டோரத்து மனிதருக்கு வரும்போதுதான் கணக்கு உதைக்கிறது. 2022 அக்டோபரில் அரசுத் தேயிலைத் தோட்டக் கழகமான டேன்டீ, 2,152 ஹெக்டேர் தோட்ட நிலத்தை வனத்துறைக்கே திருப்பித் தர அரசாணை வந்தது. நட்டம் தாங்கவில்லை, பராமரிக்க ஆளில்லை என்பது அரசின் நியாயம். தோட்டம் திரும்பக் காடாவது நல்லதுதான். ஆனால் டேன்டீ என்பது தேயிலைக்காக மட்டும் வந்ததில்லை. 1964-ன் சிறிமாவோ-சாஸ்திரி ஒப்பந்தப்படி இலங்கையிலிருந்து கப்பலேறி வந்த மலையகத் தமிழருக்கு வேலை தருவதற்காகவும் வந்தது. கண்டியிலும் நுவரெலியாவிலும் கொழுந்து கிள்ளிய கைகளுக்குக் கூடலூரிலும் கோத்தகிரியிலும் கொழுந்து கொடுத்தது. லயத்து வீட்டிலேயே பிறந்து, வேலை செய்து, ஓய்வு பெறுகிறவர்களுக்கு அந்த வீட்டை விட்டால் போக்கிடம் இல்லை. அதனால்தான் அரசாணை வந்ததும் தொழிலாளர்கள் தெருவுக்கு வந்தார்கள். நிலம் வனத்துறைக்கு, தொழிலாளியின் பொறுப்பு யாருக்கு என்ற கேள்வி ஆணைக்கு முன்பே அவையில் பேசி முடித்திருக்க வேண்டிய கேள்வி.

சுற்றுலா மேசையில் 21 மாதம்

2022 டிசம்பரில் இலாகா மாறியது. வனத்துறை மா.மதிவேந்தனிடம் போக, அவரிடமிருந்த சுற்றுலாத் துறை ராமச்சந்திரனிடம் வந்தது. இருவரும் கோப்புகளை மாற்றிக்கொண்டார்கள்.

மசினகுடி உலகத்தின் கண்ணில் பட்ட காலமும் அதுதான். 2023 மார்ச்சில் தெப்பக்காட்டுப் பாகன் தம்பதியரான பொம்மன், பெள்ளி பற்றிய ஆவணப்படத்துக்கு ஆஸ்கர் விருது. ஏப்ரலில் பிரதமர் தெப்பக்காட்டுக்கு வந்தார். ஆகஸ்டில் குடியரசுத் தலைவர் வந்தார். அந்தப் படத்தில் வந்த யானைகளைப் பார்க்க வேண்டும் என்று வண்டி வண்டியாகக் கூட்டம் வந்தது. அந்த ஆண்டே மாநிலத்தின் புதிய சுற்றுலாக் கொள்கையும் வெளியானது.

இந்த இடத்தில்தான் மசினகுடி எதிர்பார்த்த பாலம் வந்திருக்க வேண்டும். வனத்துறையை அறிந்தவர் இப்போது சுற்றுலாவின் பொறுப்பில். ஒரு நாளில் எத்தனை ஜீப் காட்டோரம் ஓடலாம், எந்த வீட்டுக்காரர் விருந்தினரைத் தங்கவைக்கலாம், இரவு விளக்கு எதுவரை எரியலாம், குப்பை எங்கே போகும், வருமானத்தில் பழங்குடிக் குடியிருப்புக்கு எவ்வளவு பங்கு என்று ஓர் ஊருக்கான ஒழுங்கு. வண்டி வரம்பை நீதிமன்றம் சொல்லும்வரை காத்திருக்காமல், அரசே மலையின் தாங்குதிறனை அளந்து அவையில் வைத்திருக்கலாம். 2024 ஏப்ரல் 29 அன்று இ-பாஸ் உத்தரவைப் பிறப்பித்தது நீதிமன்றம். சுற்றுலா அமைச்சர் அன்று நீலகிரிக்காரர்.

இது ஒரு தனி மனிதரின் குறை என்று எழுதிவிட்டுப் போக எனக்கு மனம் இல்லை. நம் ஆட்சி முறையில் வனத்துக்கு ஒரு செயலர், சுற்றுலாவுக்கு ஒரு செயலர், வருவாய்க்கு ஒருவர், ஊராட்சிக்கு ஒருவர். அமைச்சர் இடம் மாறினாலும் கோப்பு இடம் மாறுவதில்லை. அறைகளுக்கு நடுவே இருக்கும் சுவரும் அப்படியே நிற்கிறது. ஆனால் அந்தச் சுவரை இடிக்கும் உரிமை ஒரே ஒரு மன்றத்துக்கு இருக்கிறது. அதன் உறுப்பினர்களாகத்தான் இவர்களை மக்கள் அனுப்புகிறார்கள்.

2024 செப்டம்பரில் அமைச்சரவை மாற்றத்தில் ராமச்சந்திரன் விடுவிக்கப்பட்டு அரசு தலைமைக் கொறடா ஆனார். ஆளும் கட்சி உறுப்பினர்கள் அவைக்கு வருவதையும் வாக்கெடுப்பில் ஒன்றாக நிற்பதையும் பார்த்துக்கொள்ளும் பொறுப்பு அது. காட்டிலிருந்து சுற்றுலா, சுற்றுலாவிலிருந்து அவையின் உள்ளமைப்பு. ஒரு மலைக்காரர் தொடக்கூடிய கதவுகளில் பலவற்றை அவர் தொட்டுவிட்டார்.

ஓர் உறுப்பினரால் என்ன முடியும்?

யானை வழித்தடத்தை ரத்து செய்வேன் என்று இனி எந்த வேட்பாளர் சொன்னாலும் நம்பாதீர்கள். உச்ச நீதிமன்றம் முடித்த விஷயம் அது. சாத்தியமில்லாததைச் சொல்லி ஓட்டு வாங்குவது அந்த மக்களுக்குச் செய்யும் துரோகம். சாத்தியமானவை நிறைய இருக்கின்றன.

புலிகள் காப்பகத்துக்கான பாதுகாப்புத் திட்டத்தில் அங்கே வாழும் மக்களின் விவசாயம், பிழைப்பு ஆகியவற்றைக் காக்க வேண்டும் என்று வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டத்தின் 38-வி பிரிவே சொல்கிறது. முதுமலைக்கான திட்டத்தில் மசினகுடியின் பிழைப்புக்கு என்ன வழி எழுதியிருக்கிறது என்று கேள்வி நேரத்தில் கேட்கலாம். வனத்துறை மானியக் கோரிக்கையின் போது வெட்டுத் தீர்மானம் கொடுத்துப் பேசலாம். அமைச்சர் அவையில் தந்த வாக்கு நிறைவேறவில்லை என்றால் அரசு உறுதிமொழிக் குழுவுக்குக் கொண்டுபோகலாம்.

2006-ன் வன உரிமைச் சட்டம் தமிழ்நாட்டில் நீதிமன்றக் கட்டுப்பாட்டால் பல ஆண்டுகள் தேங்கி, 2016-ல்தான் வழி திறந்தது. பட்டா கேட்டு மனு போட்ட ஒவ்வொரு இருளர் குடும்பத்தின் மனுவும் எந்த மேசையில் இருக்கிறது என்று மாதம் ஒருமுறை விசாரிக்க ஓர் உறுப்பினருக்கு எந்தச் சட்டமும் தடை போடவில்லை. ஆண்டுக்கு 3 கோடி ரூபாய் தொகுதி மேம்பாட்டு நிதி இருக்கிறது. காட்டோரப் பாதையில் நடந்து பள்ளிக்குப் போகும் பிள்ளைகளுக்கான வசதிகளை அந்த நிதியிலிருந்தே தொடங்கலாம். 2022-ல் முதலமைச்சர் ஒவ்வொரு உறுப்பினரிடமும் தொகுதியின் பத்து முக்கியத் தேவைகளை எழுதித் தரச் சொன்னார். அந்தப் பட்டியலில் காட்டோரக் கிராமம் எத்தனையாவது இடத்தில் இருந்தது என்று அந்தக் கிராமமே கேட்கலாம்.

எல்லாவற்றுக்கும் மேலாக, மலையின் மூன்று உறுப்பினர்கள் கட்சி மறந்து ஒரே மேசையில் உட்கார்ந்து நீலகிரிக்கென ஒரு சட்ட முன்வடிவைக் கேட்கலாம். செக்சன் 17-க்கு ஒரு முடிவு, வழித்தடத்துக்கு உள்ளே பூர்வகுடிக்கும் வணிக விடுதிக்கும் தெளிவான வேறுபாடு, மலை தாங்கும் அளவு வண்டி, அந்த வருமானத்தில் ஊராட்சிக்கு உரிமைப் பங்கு. 1969-ல் ஜன்மிகளை எதிர்த்துச் சட்டம் போட முடிந்த அவைக்கு இது முடியாத காரியம் இல்லை.

ஒன்பது மணிக்கு மூடும் கதவு

மசினகுடியில் இருட்டு சீக்கிரம் வந்துவிடுகிறது. பட்டிக்குள் மாடுகள் அடைந்ததும் சாலை அமைதியாகிறது. பந்திப்பூர் வழி மைசூருச் சாலை இரவு ஒன்பதிலிருந்து காலை ஆறு வரை மூடிக்கிடக்கும். 2009-லிருந்து அப்படித்தான். அந்த ஒன்பது மணி நேரம் காட்டுக்குச் சொந்தம். ஊர் அதை ஏற்றுக்கொண்டு பழகிவிட்டது. இரவில் அவசரம் என்றால் எந்த வழி போவது, யாரைக் கூப்பிடுவது என்று தனக்குத் தானே ஓர் ஒழுங்கு செய்துகொண்டு வாழ்கிறது. யானையோடு வாழத் தெரிந்த மக்கள் இவர்கள். ரிவால்டோ திரும்பி வந்தபோது கல்லெடுத்து விரட்டாதவர்கள். எஸ்.ஐ.க்காக அழுதவர்களும் இவர்களே.

அவர்கள் கேட்பது காட்டைத் திருப்பித் தரச் சொல்லி அல்ல. காட்டுக்கு ஒரு நேரம் குறித்ததுபோல, தங்களுக்கும் ஒரு நேரம் குறிக்கச் சொல்கிறார்கள். கோட்டையில் ஒரு நாள், ஒரே ஒரு முழு நாள், மசினகுடி என்ற பெயரைச் சொல்லி விவாதம் நடக்கட்டும். இரண்டு கோப்புகளையும் பார்த்தறிந்த கா.ராமச்சந்திரன் அதற்குத் தன் அனுபவத்தைத் தரட்டும். அவருக்குப் பின் அந்த மலையிலிருந்து போகிறவர்கள் அதைத் தங்கள் முதல் வேலையாக எடுத்துக்கொள்ளட்டும்.